ஈட்டி வடிவம்: ஓர் இலைவடிவக் கலைச்சொல்லின் பொருளும் ஆட்சியும்

குறுந்தொகையின் 138ஆம் பாட்டில் கொல்லன் அழிசி என்னும் புலவர் நொச்சியின் இலைக்கு மயிலின் அடியை உவமை கூறுகின்றார். ஊரெல்லாம் துயின்ற நள்ளிரவில், துயிலாது விழித்திருந்தோர் நொச்சிப்பூ உதிரும் ஓசையைக் கேட்டிருந்தனர் என்பது அப்பாட்டின் செய்தி. சங்க இலக்கியத் தாவரங்களைப் பற்றிக் கட்டுரை வரைந்த முதுகலை மாணவர் ஒருவர், இப்பாட்டைக் குறித்து எம்மிடம் ஓர் ஐயம் எழுப்பினார். பயிர்நூல் ஒன்றில் நொச்சியின் இலை 'வேல் வடிவினது' என எழுதியிருக்கக் கண்டாராம். மயிலடி விரல் விரிந்து கிடப்பது. வேலோ ஒற்றைத் தகடு. ஆகவே புலவர் பிழைபடக் கூறினாரோ, அன்றிச் சங்ககால நொச்சி வேறொரு செடியோ என்பது அவர் வினா. தம் கட்டுரையில் இரண்டாவது முடிபையே அவர் எழுதியும் இருந்தார்.

ஒரு கலைச்சொல்லின் பொருள் தெளிவாக வரையறுக்கப்படாமையால் ஒரு செடி தன் பெயரை இழக்கும் நிலை ஈண்டு நேர்ந்தது. ஆகலின், ஆங்கிலப் பயிர்நூல்களில் 'லான்சியோலேட்' என வழங்குவதும், தமிழில் 'ஈட்டி வடிவம்' என்றும் 'வேல் வடிவம்' என்றும் பெயர்க்கப்படுவதுமாகிய இச்சொல்லின் பிறப்பையும் பொருளையும் ஆட்சியையும் ஆராய்வது இக்கட்டுரையின் நோக்கமாகும்.

1. சொல்லின் பிறப்பு

இச்சொல் இலத்தீன் மொழியினின்றும் பிறந்தது. அம்மொழியில் 'லான்சியா' என்பது எறிதற்கேற்ற இலேசான ஈட்டியைக் குறிக்கும். அது இசுப்பானிய நாட்டுச் சொல் என்று வார்ரோ கூறியதாக ஆலுசு கெல்லியுசு என்னும் உரோமானிய ஆசிரியர் குறித்துள்ளார். அதனோடு சிறுமைப்பொருள் விகுதி சேர 'லான்சியோலா' என்றாகிச் 'சிற்றீட்டி' எனப் பொருள் தந்தது. அதன்மேலும் உடைமையும் ஒப்புமையும் உணர்த்தும் விகுதி பெற்று, 'லான்சியோலாத்துசு' என்னும் பெயரடை தோன்றிற்று. எனவே 'சிற்றீட்டி போன்றது' என்பதே சொற்பொருள். கைப்பிடிக் காம்பு நீங்கலாக, ஈட்டியின் தலைப்பகுதியாகிய தகடு மட்டுமே உவமையாயிற்று என்பது கருதற்பாலது.

சுவீடன் நாட்டு அறிஞர் இலின்னேயசு 1751ஆம் ஆண்டில் வெளியிட்ட 'பிலாசபியா பொட்டானிக்கா' என்னும் நூலில் இலை வடிவங்களுக்கு நிலையான பெயர்களை வகுத்தார். 1753இல் வெளிவந்த 'இசுபீசீசு பிளாந்தாரம்' என்னும் நூலில் அப்பெயர்கள் செடிகளின் சிறப்புப் பெயராகவும் அமைந்தன. ஐரோப்பியப் புல்வெளிகளில் மிகுதியாக வளரும் 'பிளாந்தாகோ லான்சியோலாத்தா' என்னும் செடி, இவ்வடிவாலேயே பெயர் பெற்றது.

2. ஒரு சொல், இரு பொருள்

இலின்னேயசு இவ்வடிவை, நீண்டு இரு முனையும் சிறிது சிறிதாகக் குறுகிச் செல்வது என விளக்கினார். அவர் கருத்தின்படி, இலையின் அகலம் மிக்க இடம் ஏறத்தாழ நடுவில் அமையும். இரு பாதியும் ஒத்திருக்கும். இஃது ஒடுங்கிய நீள்வட்டம் போல்வது.

பின்வந்த பயிர்நூலார் பலர் இப்பொருளை மாற்றிக்கொண்டனர். அகலம் மிக்க இடம் நடுவிற்குக் கீழே, காம்பை நோக்கிய பாதியில் அமைய, அவ்விடத்தினின்றும் நுனி நோக்கி நெடிது குறுகிச் செல்வதே இவ்வடிவம் என்றனர். இஃது ஒடுங்கிய முட்டை வடிவம் போல்வது. நீளம் அகலத்தைப் போல் மும்மடங்கு முதல் ஆறு மடங்கு வரை இருக்கும் என்பது இற்றைக் கையேடுகள் பலவற்றில் காணும் அளவு.

இவ்விரண்டனுள் எது பிற்காலத்து நிலைபெற்றது என்பதற்குச் சொல்லாட்சியிலேயே ஒரு சான்று உண்டு. 'ஆப்-லான்சியோலேட்' என்றொரு சொல் பயிர்நூலில் வழங்குகின்றது. அதன் முன்னொட்டு 'தலைகீழாய' என்னும் பொருளது. அகலம் மிக்க இடம் நுனிப்பாதியில் அமைந்த இலையை அது குறிக்கும். இலின்னேயசின் பொருளையே கொள்வோமாயின், இரு பாதியும் ஒத்த வடிவைத் தலைகீழாக்கினும் அதுவே ஆகும். தலைகீழ் என்னும் அடை பயனின்றி ஒழியும். எனவே இம்மறுதலைச் சொல் வழங்குகின்றவிடமெல்லாம், மூலச்சொல் இரண்டாம் பொருளிலேயே நிற்கின்றது என்பது பெறப்படும்.

ஆயினும் பழம்பொருள் முற்றும் மறைந்திலது. மாவிலையைப் பயிர்நூல்கள் இச்சொல்லாற் குறிப்பதுண்டு. மாவிலையின் அகலம் பெரும்பாலும் நடுப்பகுதியிலேயே மிகும். அரளியின் இலையும் அத்தன்மைத்தே. அதன் நீளமோ ஆறு மடங்கினும் மிகுவதுண்டு. இக்குழப்பம் நீங்கும்பொருட்டு, 1962ஆம் ஆண்டில் இங்கிலாந்தின் வகைப்பாட்டியற் கழகத்தைச் சார்ந்த சொற்குழு ஒன்று, தள வடிவங்களை நீள அகல விகிதத்தாலும் அகலம் மிக்க இடத்தாலும் நிரல்படுத்தி ஓர் அட்டவணை வெளியிட்டது. உவமையாற் பிறந்த சொற்களை அளவையால் நிறுத்த முயன்ற முயற்சி அது. நம் கலைச்சொல்லாக்கத்திற்கும் அதுவே வழிகாட்டியாகும் என்பது எம் கருத்து.

3. வேலும் இலையும்

இனி, இதற்கு 'வேல் வடிவம்' என்னும் தமிழ்ப்பெயர் பொருந்துமா என ஆராய்வாம். வேல் தொன்மையான சொல், இனியது, இலக்கியப் பெருமை உடையது. இக்காரணங்களால் நூலாசிரியர் சிலர் அதனை விரும்பிக் கொண்டமை இயல்பே. ஆயினும் அதன்கண் இரண்டு இடர்ப்பாடுகள் உள.

முதலாவது, சங்க நூல்கள் வேலின் தகட்டை 'இலை' என்றே வழங்குகின்றன. 'இலங்கிலை வேல்' போன்ற தொடர்கள் பயின்றோர் அனைவரும் அறிந்தவை. உரோமானியர் ஈட்டியைக் கொண்டு இலைக்குப் பெயரிட, தமிழர் இலையைக் கொண்டு வேலின் உறுப்பிற்குப் பெயரிட்டனர். தொல்பொருள் ஆய்வாளரும் பழைய ஈட்டித்தலைகளை 'இலை வடிவின' என்று எழுதுவர். எனவே 'வேல் வடிவ இலை' என்னும் தொடர், தமிழ் மரபறிந்தார்க்கு 'இலை போன்ற இலை' எனச் சுழன்று வந்து நிற்கும். உவமையும் பொருளும் இடம் மாறியவிடத்து விளக்கம் விளையாது.

இரண்டாவது, வேலின் வடிவம் கண்முன் ஒன்றாக நிற்கவில்லை. மகளிர் கண்ணுக்கு வேலை உவமித்த புலவர் உள்ளத்தில், ஒடுங்கி இரு முனையும் கூர்த்த தகடு நின்றிருத்தல் கூடும். இன்று தமிழர் 'வேல்' என்றவுடன் உள்ளத்திற் காண்பது முருகன் திருக்கையில் விளங்கும் வேலினையே. அது கீழே அகன்று நுனி கூர்த்தது. அரசிலைக்கும் வெற்றிலைக்கும் அணித்தாகிய வடிவினது. அவ்வடிவை எண்ணி அரளியிலையைத் தேடுவார் அதனைக் காணார். மேற்குறித்த மாணவரும் அகன்ற தகட்டினையே எண்ணியிருந்தார் என்பது உசாவியபோது விளங்கிற்று.

உவமை தோன்றும் நிலைக்களம் வினை, பயன், மெய், உரு என நான்கு என்பது தொல்காப்பியர் துணிபு. மெய்யென்பது வடிவு என்றும், உருவென்பது நிறம் என்றும் உரைகாரர் வேறுபடுத்துவர். புலவர் உவமையில் இவை ஒன்றினொன்று கலந்தும் வரும். சேம்பின் இலைக்கு யானைச்செவியை உவமிக்குங்கால், வடிவோடு அசைவும் உடன் தோன்றும். பயிர்நூலார் சொல்லோ மெய் ஒன்றனையே கொண்டு ஏனைய மூன்றனையும் விலக்குவது. அது உறைந்துபோன மெய்யுவமம் எனலாம். அதனைப் பெயர்ப்போர் உவமைப் பொருளைப் பெயர்த்தால் போதாது. அவ்வுவமை அளந்து காட்டிய மெய்யினைப் பெயர்த்தல் வேண்டும். 'ஈட்டி' என்னும் சொல் வழிபாட்டு வழக்கும் இலக்கிய வழக்கும் மிகுதியாகச் சாராமல், ஒடுங்கிய நெடுந்தகட்டையே உணர்த்துதலின், அதுவே ஏற்புடைத்து.

இருவகை உவமையும் எஞ்ஞான்றும் முரண்படும் என்பது எம் கருத்தன்று. அடும்பின் பிளவுபட்ட இலைக்குக் குறுந்தொகையின் 243ஆம் பாட்டு மானின் அடியை உவமிக்கின்றது. அதே கொடிக்கு இலின்னேயசு சூட்டிய சிறப்புப்பெயர் 'பெசு காப்ரே'. அதன் பொருள் வெள்ளாட்டின் அடி என்பது. நெய்தல் நிலத்துப் புலவரும் சுவீடன் நாட்டு அறிஞரும் ஓரிலையில் பிளவுபட்ட குளம்பையே கண்டனர்.

4. மற்றோர் ஈட்டி

ஈட்டி வடிவம் எனக் கொண்டவிடத்தும் ஒரு தடை எழும். பயிர்நூலில் 'ஆசுட்டேட்' என்றொரு சொல்லும் உண்டு. அது 'ஆசுட்டா' என்னும் இலத்தீன் சொல்லின் அடியாகப் பிறந்தது. அதற்கும் ஈட்டி என்பதே பொருள். அகராதி ஒன்றனையே துணைக்கொண்டு பெயர்ப்போர் இரண்டினையும் 'ஈட்டி வடிவம்' என எழுதிவிடுதல் கூடும். வடிவிலோ இவை பெரிதும் வேறானவை. பின்னது இலையின் அடிப்பகுதியில் இரண்டு கூரிய மடல்கள் இருபுறமும் வெளிநோக்கி நீண்டிருப்பதைக் குறிக்கும். அம்மடல்கள் காம்பை நோக்கிக் கீழே சாயுமாயின் அதற்கு 'சாசிட்டேட்', அஃதாவது அம்பு வடிவம் என்பது பெயர். வள்ளைக்கொடியின் இலைகளில் இவ்விரு நிலைகளையும் காணலாம்.

'ஆசுட்டேட்' என்பது பெரும்பாலும் இலையின் அடியைப் பற்றியதே அன்றி முழு வடிவைப் பற்றியதன்று. ஆகலின் அதனை ஈட்டி என்னும் சொல்லாற் குறிப்பதை விடுத்து, 'புறமடல் அடி' எனக் குறித்தல் தகும். மடல் என்பது தொல்காப்பியர் மரபியலில் புல்லினத்தின் உறுப்புப்பெயராக ஓதப்பட்டதாயினும், காதுமடல் என்னும் உலக வழக்கால் புறத்தே நீண்ட பகுதிக்கும் பொருந்தும். இங்ஙனம் வரையறுப்பின், ஈட்டி வடிவம் என்னும் பெயர் ஒரு பொருட்கே உரியதாய் நிற்கும்.

5. ஆட்சி நெறி

கலைச்சொல்லின் பொருளை அறிந்தபின் அதனைத் தொடரில் ஆளும் நெறியும் அறிதல் வேண்டும். ஈண்டு மூன்றனைச் சுட்டுவோம்.

முதலாவது, தொகைச்சொல் பற்றியது. ஆங்கிலப் பயிர்நூல்களில் இரு வடிவப் பெயர்களை இடையே ஒரு சிறு கோடிட்டு எழுதுவர். அஃது அவ்விரண்டற்கும் இடைப்பட்ட வடிவு எனப் பொருள்படும். தமிழில் அதனை 'நீள்வட்ட ஈட்டி வடிவம்' எனத் தொகையாக எழுதினால், நீள்வட்டமாகிய ஈட்டி எனப் பண்புத்தொகையாகவும், நீள்வட்டமும் ஈட்டியும் என உம்மைத்தொகையாகவும் விரித்தற்கு இடனாகும். ஆகலின் 'நீள்வட்டத்திற்கும் ஈட்டி வடிவிற்கும் இடைப்பட்டது' என விரித்தெழுதுதலே நன்று.

இரண்டாவது, இடைப்பட்ட வடிவு வேறு, வடிவு வேறுபாடு வேறு. ஒரு செடியிலேயே சில இலைகள் முட்டை வடிவாகவும் சில ஈட்டி வடிவாகவும் இருத்தல் உண்டு. அந்நிலையில் 'முட்டை வடிவம் முதல் ஈட்டி வடிவம் வரை' என எழுதுதல் வேண்டும். முன்னையது ஓரிலையின் தன்மை. பின்னையது பல இலைகளின் வேறுபாடு.

மூன்றாவது, சொல் எவ்வுறுப்பின்மேல் நிற்கின்றது என்பதைத் தெளிவாகச் சுட்டல் வேண்டும். வேம்பின் இலை கூட்டிலை. அதன் சிற்றிலைகளே அரிவாள் போல் சிறிது வளைந்த ஈட்டி வடிவின. 'வேப்பிலை ஈட்டி வடிவினது' எனப் பொதுப்பட எழுதுதல், ஈர்க்கோடு கூடிய முழு இலைமேல் ஏற்றிப் பிழைபடும். உலக வழக்கில் சிற்றிலையையும் இலை என்றே கூறுகின்றோம். ஆய்வு வழக்கில் அது கூடாது. ஓலை வேறு, இலை வேறு என உறுப்புப்பெயர் வரையறுத்த மரபு நம்முடையதாதலின், இவ்வரையறை நமக்குப் புதிதன்று.

இம்மூன்றாம் நெறியே மாணவர் ஐயத்திற்கு விடையாயிற்று. நொச்சியின் இலை விரல்போல் விரியும் கூட்டிலை. ஒரு காம்பின் முனையினின்றும் மூன்று அல்லது ஐந்து சிற்றிலைகள் விரிந்து நிற்கும். பயிர்நூல் கூறிய வடிவம் அச்சிற்றிலை ஒவ்வொன்றற்கும் உரியது. புலவர் கூறிய மயிலடி முழு இலைக்கு உரியது. மயிலின் ஒவ்வொரு விரலும் ஒடுங்கி நீண்டிருப்பதுபோலவே, நொச்சியின் ஒவ்வொரு சிற்றிலையும் ஒடுங்கி நீண்டிருக்கும். இரு கூற்றும் தம்முள் முரணாமையே அன்றி, ஒன்றற்கொன்று சான்றாகவும் அமைகின்றன. மாணவரை வேலியோர நொச்சியின்கண் அழைத்துச் சென்று ஓரிலையைக் கையிற் கொடுத்தோம். அவர் அதனை விரித்து நெடிது நோக்கிப் பின்னர்த் தம் கட்டுரையின் அப்பகுதியை அடித்துவிட்டார்.

இதுகாறும் கூறியவற்றால், 'லான்சியோலேட்' என்பதற்குத் தமிழில் ஈட்டி வடிவம் என்பதே தகுந்த பெயர் என்பதும், நடுவிற்குக் கீழே அகன்று நுனி நோக்கிக் குறுகி, அகலத்தினும் மும்மடங்கு முதல் ஆறு மடங்கு வரை நீண்ட வடிவே அதன் பொருளாக வரையறுக்கத் தக்கது என்பதும், பழைய நூல்களில் அது நடு அகன்ற வடிவையும் குறிக்கும் என்பதும் போதரும். சங்க இலக்கியத் தாவரங்களை ஆராய்வோர் இவ்வரையறையை உளங்கொண்டு, நூலிற் கண்ட வடிவை இலையிலும் ஒருமுறை கண்டு தெளிதல் வேண்டும். புலவர் கூற்றைப் பிழையென ஒதுக்குதற்கு முன்னர், நாம் கையாளும் கலைச்சொல் எதன்மேல் நிற்கின்றது என ஆராய்தல் நம் கடமையாகும்.