தகட்டுப் பட்டறையிலிருந்து வந்த இசைத்தட்டு

மழை பெய்கின்றது. தொலைவில் இடி முழங்குகின்றது. எங்கோ ஒரு தேவாலயத்து மணி, சாவீட்டுக்கு ஆள் அழைப்பதுபோல விட்டு விட்டு ஒலிக்கின்றது. அரை நிமிடத்துக்கு மேலாக வேறெதுவும் இல்லை. அதன் பின், பாறையொன்று புரண்டு விழுந்தாற்போல மின்கித்தாரில் மூன்று சுரங்கள் எழுகின்றன. அம் மூன்றுமே திரும்பத் திரும்ப, சற்றும் அவசரமின்றி, நம்மை நோக்கி நடந்து வருகின்றன.

'பிளக் சபத்' என்னும் ஆங்கில றொக் இசைக்குழுவின் முதல் இசைத்தட்டு இவ்வாறுதான் தொடங்குகின்றது. குழுவின் பெயர், தட்டின் பெயர், முதற் பாட்டின் பெயர் மூன்றும் ஒன்றே. அது வெளிவந்தது 1970ஆம் ஆண்டு பெப்ரவரி 13ஆம் திகதி, வெள்ளிக்கிழமை. பதின்மூன்றும் வெள்ளியும் கூடிய நாளை மேனாட்டார் ஆகாத நாள் என்பர்.

வாசகருட் பலர் இக்குழுவின் பெயரை வீட்டுப் பிள்ளைகளின் கறுப்புச் சட்டைகளிற் கண்டு முகஞ் சுளித்திருக்கலாம். நாமும் சுளித்தவர்களே. ஆயினும் இத்தட்டு பிறந்த வரலாற்றையும் அது பட்ட ஏச்சையும் அறிந்த பின் அதனை மீண்டும் ஒருமுறை கேட்டோம். முன்னர் வெறும் இரைச்சலாகத் தோன்றியது இப்போது அவ்வாறு தோன்றவில்லை.

குழுவினர் நால்வரும் பேர்மிங்ஹாம் நகரின் அஸ்டன் பகுதியைச் சேர்ந்த தொழிலாளர் வீட்டுப் பிள்ளைகள். யுத்தக் குண்டுகளின் வடு ஆறாத தெருக்களில் வளர்ந்தவர்கள். பாடகர் ஒஸி ஒஸ்போர்ன் மாடறுக்கும் தொட்டியில் வேலை செய்தவர். களவுக் குற்றத்துக்காகச் சில வாரங்கள் சிறையிலும் இருந்தவர். கீஸர் பட்லர் கணக்கியல் பயின்றவர். பில் வோர்ட் மேளம் கொட்டுபவர். நான்காமவரான ரொனி அயோமி என்னும் கித்தார்க்காரருடைய கதையைச் சற்று விரித்துக் கூறுதல் வேண்டும்.

அயோமி பதினேழு வயதில் ஓர் உலோகத் தகட்டுத் தொழிற்சாலையிற் பணி புரிந்தார். வாத்தியக் குழுவொன்றுடன் வெளிநாடு செல்லும் வாய்ப்பு வந்தமையால் வேலையை விட்டு நீங்கத் தீர்மானித்தார். கடைசி நாள் மத்தியானம் உணவுக்கு வீடு வந்தவர், இனித் திரும்பிப் போவதில்லை என்றார். ஏற்ற வேலையை ஒழுங்காக முடித்துவிட்டு வா என்று தாயார் அனுப்பி வைத்தார். அன்று வேறொருவர் வராதபடியால், தமக்குப் பழக்கமில்லாத தகடு அழுத்தும் இயந்திரத்தில் அவர் நிறுத்தப்பட்டார். வலக்கையின் நடுவிரலும் மோதிர விரலும் நுனியை இழந்தன. அவர் இடக்கைக்காரர், தந்திகளை அழுத்திச் சுரம் பிடிப்பது அந்த வலக்கையே. இனிக் கித்தார் வாசிக்க இயலாது என்றனர் வைத்தியர்கள்.

மனமுடைந்து கிடந்த இளைஞரைப் பார்க்கத் தொழிற்சாலை மேலாளர் ஓர் இசைத்தட்டுடன் வந்தார். அது ஜாங்கோ ரைன்ஹாட் என்னும் ரோமா இனத்துக் கித்தார் மேதையினது. 1928இல் தீவிபத்தொன்றில் இடக்கையின் இரு விரல்கள் முடங்கிய பின்னும், எஞ்சிய விரல்களாலேயே ஐரோப்பாவை வியக்க வைத்தவர் அவர். அத்தட்டைக் கேட்ட அயோமி, சவர்க்காரத் திரவம் அடைத்து விற்கும் பிளாஸ்டிக் போத்தலை உருக்கி, விரல்களுக்குத் தாமே உறைகள் செய்தார். பழைய தோற்சட்டையில் வெட்டிய துண்டுகளை அவற்றின்மேல் ஒட்டினார். உறை அணிந்த விரலுக்குத் தந்தியின் தொடுகை தெரியாது. ஆகவே மெல்லிய தந்திகளைத் தேடிப் பூட்டினார். விரைந்தோடும் பின்னல்களிலும் பார்க்க, ஊன்றி நிற்கும் கனத்த சுரங்களிலேயே அவரது கவனம் சென்றது. இந்தத் தட்டின் ஓசைக்கு வேர் அங்கேதான் இருக்கின்றது என்பது நமது எண்ணம்.

முதற் பாட்டின் அந்த மூன்று சுரங்களைப் பற்றியும் ஒரு வார்த்தை. நமது சங்கீத முறையிற் சொன்னால், மேற்சட்ஜத்துக்கு ஏறி அங்கிருந்து பிரதிமத்தியமத்துக்கு இறங்கி நிற்பது போன்ற நடை. அந்த இடைவெளியை மேலைச் சங்கீத நூலார் 'இசையிலுள்ள பிசாசு' என்று அழைத்தனர். கல்யாணி இராகத்தில் நமக்கு இன்பம் தரும் சுரமே அங்கே அச்சத்தின் குரலாயிற்று!

ஒலிப்பதிவு நடந்தது 1969ஆம் ஆண்டு ஒக்டோபர் 16ஆம் திகதி, லண்டன் றீஜென்ட் சவுண்ட் கூடத்தில். ஒரே நாளில், மேடையில் வாசிப்பது போலவே நால்வரும் சேர்ந்து வாசித்து முடித்தனர். ஆரம்பத்திலேயே அயோமியின் கித்தார் பழுதாகிவிட, மாற்றுக்காக வைத்திருந்த வேறொன்றை எடுத்துக்கொண்டார். பின்னர் அதுவே அவருடைய அடையாளமாயிற்று. மழையும் இடியும் மணியும் பின்பு சேர்க்கப்பட்டவை.

இனி, தட்டுக்குக் கிடைத்த வரவேற்பு. விமர்சகர்கள் அதனைக் கிழித்தெறிந்தனர். அமெரிக்காவின் 'றோலிங் ஸ்டோன்' சஞ்சிகையில் லெஸ்டர் பாங்ஸ், 'கிறீம்' என்னும் வேறொரு குழுவின் மட்டமான நகல் இது என்ற கருத்துப்பட எழுதினார். நியூயோர்க்கின் றொபேட் கிறிஸ்ற்கோவும் இதனைப் போலிப் பில்லி சூனியமென எள்ளி, மிகக் குறைந்த புள்ளியே வழங்கினார். ஜனங்களோ வேறு தீர்ப்பளித்தனர். வானொலியின் பேராதரவு இன்றியே பிரித்தானிய விற்பனைப் பட்டியலில் தட்டு 8ஆம் இடத்தையும், அமெரிக்காவில் 23ஆம் இடத்தையும் எட்டியது. அதே ஆண்டு வெளிவந்த இரண்டாவது தட்டு பிரித்தானியாவில் முதலிடம் பெற்றது.

விமர்சகர்கள் முற்றாகத் தவறினர் என்று நாம் கூறமாட்டோம். இரண்டாம் பக்கத்தில் பத்து நிமிடங்களுக்கு மேல் நீளும் 'வோனிங்' என்ற பாட்டின் நடுவே கித்தார் வழி தப்பி அலைகின்றது. கேட்பவர் எழுந்துபோய்த் தேநீர் தயாரித்துக்கொண்டு வந்து அமரலாம். ஆனால் அக்காலத்து விமர்சகர்கள் பூவையும் அன்பையும் பாடிய கலிபோர்ணியாவின் தராசிலேயே எதையும் நிறுத்தனர். பகல் முழுதும் சம்மட்டியோசை கேட்டு வளர்ந்தவன் எதைப் பாடுவான் என்று அவர்கள் கேட்கவில்லை. தட்டை வாங்கிய இளைஞர் பலருக்கு அக்கேள்வி தேவைப்படவுமில்லை.

பிசாசு வழிபாடு என்ற பழியும் வந்து சேர்ந்தது. உறையின் உட்புறத்தில் தலைகீழான சிலுவை அச்சாகியிருந்தது. அது கம்பெனியின் வேலை, தமக்கு அறிவிக்கப்படவில்லை என்றனர் குழுவினர். பட்லரோ ஐரிஷ் கத்தோலிக்க வீட்டில் வளர்ந்தவர். மாந்திரீக நூலொன்றைப் படித்துவிட்டு உறங்கிய இரவில், கட்டிலின் காலடியில் கரிய உருவமொன்று நிற்கக் கண்டு நடுங்கியதாக அவரே சொல்லியிருக்கின்றார். முதற் பாட்டு அந்த நடுக்கத்தின் பாட்டு. பிசாசை வேண்டி அழைப்பதன்று, அதனிடமிருந்து தப்ப ஓடுவது. பின்பு, சூனியக்காரர் சாபமிட்டனர் என்று அஞ்சிய நால்வருக்கும், கருவிகள் செய்யும் தொழிலாளியான ஒஸ்போர்னின் தந்தை தமது வேலைத்தலத்தில் அலுமினியச் சிலுவைகள் செய்து கொடுத்தார். பிசாசின் அடியார்கள் எனப்பட்டோர் தகப்பன் செய்த சிலுவையைக் கழுத்தில் அணிந்தே மேடையேறினர்.

'என்.ஐ.பி.' என்ற பாட்டின் கதையோ இன்னும் வேடிக்கை. அவ்வெழுத்துக்களுக்குப் பலர் பயங்கரமான விரிவுகளைக் கற்பித்தனர். உண்மையில், வோர்ட்டின் தாடி பேனாவின் 'நிப்' போலக் கூரியதென நண்பர்கள் செய்த பரிகாசமே அப்பெயர். பாட்டின் பொருளும் காதல் வயப்பட்டுத் திருந்த முனையும் லூசிபரைப் பற்றியது.

பாங்ஸ் 1972இல் வேறொரு சஞ்சிகையில் இக்குழுவைப் பற்றி நீண்ட கட்டுரை எழுதினார். இவர்களை அறங் கூறுவோராக அவர் அதில் கண்டார். எழுதியதைத் திருத்தி எழுதும் துணிவு எல்லா விமர்சகர்க்கும் வாய்ப்பதில்லை. 'றோலிங் ஸ்டோன்' சஞ்சிகையும் 2003இல், எக்காலத்துக்கும் சிறந்த 500 இசைத்தட்டுக்களின் வரிசையில் இதனைச் சேர்த்துக்கொண்டது.

2025ஆம் ஆண்டு ஜூன் மாதம் பேர்மிங்ஹாம் மாநகரம் நால்வருக்கும் தனது கௌரவ உரிமையை வழங்கியது. ஜூலை 5ஆம் திகதி, அஸ்டனிலுள்ள வில்லா பார்க் மைதானத்தில் அவர்கள் கடைசி முறையாக ஒன்றுசேர்ந்து வாசித்தனர். சிறுவனாக இருந்தபோது, பந்தாட்டம் காண அங்கு வருவோரின் கார்களைக் காவல் பார்த்துச் சில்லறை வாங்கியவர் ஒஸ்போர்ன். பார்க்கின்சன் நோயினால் நிற்க இயலாத அவர், கரிய சிம்மாசனத்தில் அமர்ந்து பாடினார். அன்று பாடிய நான்கு பாட்டுக்களுள் 'என்.ஐ.பி.'யும் ஒன்று.

பதினேழு நாட்களின் பின், ஜூலை 22இல், அவர் காலமானார். 30ஆம் திகதி நகரத்து புரோட் வீதியில், குழுவின் பெயர் தாங்கிய பாலத்தில் ஊர்வலம் தரித்து நின்றது. முன்னே சென்ற பித்தளை வாத்தியக்காரர்கள் பிளக் சபத்தின் பாட்டுக்களை வாசித்தனர். வீதியின் இருமருங்கும் ஆயிரக்கணக்கானோர் திரண்டு நின்றனர்.