ஒரே அச்சில் வார்த்த வீடுகள்

இல்லச் சந்திப்புக்குச் செல்லும் போதகர் முதலில் காண்பது வீட்டை, மனிதரையன்று. வீட்டைக் கண்டே குடும்பத்தை மதிப்பிட்டுவிடும் பழக்கமும் நம்மிடம் உண்டு. அமெரிக்காவின் லெவிட்டவுன் குடியிருப்புகளின் வரலாறு இப்பழக்கத்தைச் சோதித்துப் பார்க்க உதவுகின்றது.

இரண்டாம் உலகப்போர் முடிந்து திரும்பிய படைவீரர் பலர் குடியிருக்க இடமின்றிப் பெற்றோர் வீட்டில் ஒண்டியிருந்தனர். வில்லியம் லெவிட்டின் நிறுவனம் நியூயார்க் நகரை அடுத்த லாங் தீவில், உருளைக்கிழங்கு விளைந்த நிலத்தில், 1947இல் வீடு கட்டத் தொடங்கிற்று. 1951க்குள் 17,000க்கும் மேற்பட்ட வீடுகள் எழுந்தன. முதலில் எழுந்தவை 750 சதுர அடியில் இரு படுக்கையறைகளும் முற்றுப்பெறாத மாடியும் கொண்டவை. ஏறத்தாழ எல்லாம் ஒரே அச்சு.

ஒரேவிதமான வீடு ஒரேவிதமான மனிதரை உண்டாக்கும் என அறிஞர் பலர் அஞ்சினர். சமூகவியலாளர் ஹெர்பர்ட் கான்ஸ், நியூஜெர்சியில் எழுந்த லெவிட்டவுனில் 1958இல் தாமே குடியேறி இதனை ஆராய்ந்தார். 1967இல் வெளிவந்த அவரது நூல் அவ்வச்சத்துக்குப் போதிய ஆதாரம் காணவில்லை. குடும்பத்துக்கெனச் சொந்த வீடு வேண்டியே மக்கள் வந்தனர். வந்தபின் பெரிதும் மாறிவிடவுமில்லை. வளரிளம் பருவத்தினரே மனக்குறையுடன் இருந்தனர். அறைகள் சிறியன, கூடிப் பேச இடமில்லை. குழந்தைகள் வளர்ந்துவிடுவர் என்பதை வரைபடம் எண்ணிப் பார்க்கவில்லை போலும்!

ஆயின் நாம் கருத்தூன்ற வேண்டியது வேறொன்று. லாங் தீவின் தொடக்ககால வாடகை ஒப்பந்தத்தில், வெள்ளையரல்லாதோர் அவ்வீட்டில் குடியிருக்கலாகாது என்றொரு விதி இருந்தது. வீட்டுப் பணியாளராயின் தடையில்லை என்றும் அது சேர்த்துக் கூறிற்று. சமைக்க வரலாம், குழந்தையைத் தூக்க வரலாம். அயலாராக வாழ வரலாகாது! இத்தகைய விதிகளை நீதிமன்றங்கள் நிறைவேற்றலாகாதென உச்ச நீதிமன்றம் 1948இல் தீர்ப்பளித்த பின்னும், நிறுவனம் கறுப்பின மக்களுக்கு வீடு விற்க மறுத்தே வந்தது. அக்குடும்பங்களின் தன்னடையாளத்தை வகுத்தது கூரையின் வடிவமன்று, இவ்விதியே என்பது நம் கருத்து.

1957 ஆகஸ்டில் வில்லியம், டெய்சி மையர்ஸ் என்னும் கறுப்பினத் தம்பதியர், மூன்று சிறு பிள்ளைகளுடன் பென்சில்வேனியா லெவிட்டவுனில் குடிபுகுந்தனர். கணவரும் முன்னாள் படைவீரரே. கூட்டம் இரவுதோறும் திரண்டது. குவேக்கர்களும் வேறு சிலரும் துணைநின்றனர். ஆதரவளித்த அடுத்த வீட்டாரும் தொல்லைக்குத் தப்பவில்லை. தெருவிலிருந்த மற்ற வீடுகளைப் போன்றதே மையர்ஸ் குடும்பம் வாங்கிய வீடும். அதன் முகப்புச் சாளரத்தைத்தான் கல்லெறிந்து உடைத்தனர்.