ஒரு படி இறங்க உங்ககிட்ட காசு இருக்கா? காலித் ஜமீல் கதை சொல்லும் சம்பளக் கணக்கு

இந்த வாரம் ஷேர், மியூச்சுவல் ஃபண்ட் எதுவும் இல்லை. ஒரு ஃபுட்பால் கோச்சோட வேலை வாழ்க்கையைப் பார்க்கப் போறோம். "ஓசூர்ல ஷிஃப்ட் போற எனக்கு இது எதுக்கு?"ன்னு கேக்காதீங்க. வேலை மாறலாமா வேண்டாமான்னு யோசிக்கிற எல்லாருக்கும் இதுல ஒரு கணக்கு இருக்கு.

முதல்ல 2025 ஆகஸ்ட் மாசத்துல நடந்த ரெண்டு விஷயம்.

ஆகஸ்ட் 1. இந்திய ஆண்கள் ஃபுட்பால் அணிக்கு ஹெட் கோச்சா காலித் ஜமீல் அறிவிக்கப்பட்டார். கடைசிச் சுற்றுல அவரோட போட்டியில இருந்தவர்கள்ல ஒருத்தர், இந்தியாவுக்கு ஏற்கனவே கோச்சா இருந்த ஸ்டீபன் கான்ஸ்டன்டைன். 2011-12ல சாவியோ மெடெய்ரா இருந்ததுக்கு அப்புறம், அந்த நாற்காலியில உட்காரும் முதல் இந்தியர் காலித்தான்.

அடுத்த சில நாள்லயே நம்ம பக்கத்து ஊர்ல இருந்து இன்னொரு செய்தி. ஐஎஸ்எல் சீசன் நடக்குமான்னே தெரியாத நிலைமையில, பெங்களூரு எஃப்சி தன்னோட முதல் அணி வீரர்கள், ஊழியர்கள் சம்பளத்தைக் காலவரையில்லாம நிறுத்தி வைக்கிறதா அறிவிச்சது. சென்னையின் எஃப்சியும் முதல் அணியோட வேலைகளை நிறுத்தி வச்சது.

ஒரே வாரம், ஒரே தொழில். ஒருத்தருக்கு உச்சப் பதவி, பல பேருக்கு சம்பளம் நின்னு போச்சு. நல்லா விளையாடுறவங்க, பேர் வாங்கினவங்களுக்கே இந்த நிலைமைன்னா, சிப்காட்டில் காண்ட்ராக்ட்ல இருக்கிற தம்பிக்கும், ஜூஜுவாடி தாண்டி தினமும் பொம்மசந்திரா போயிட்டு வர்ற தங்கச்சிக்கும் இது தூரத்துச் செய்தி இல்லை.

ஸ்டார் இல்லாத ஒரு பிளேயர்

காலித் ஜமீல் 1977ல குவைத்தில் பிறந்தவர். நடுக்களத்தில் ஆடினார். ஏர் இந்தியா, மஹிந்திரா யுனைடெட், கடைசியா மும்பை எஃப்சி. இந்தியாவுக்கும் ஆடியிருக்கார். ஆனா பாய்ச்சுங் பூட்டியா, ஐ.எம்.விஜயன் மாதிரி தெருவுல நின்னா கூட்டம் கூடுற பேர் இல்லை. காயங்களும் விடல. 2009ல, 32 வயசுல ஆட்டம் முடிஞ்சது.

ஃபுட்பால்ல 32ங்கிறது நம்ம கம்பெனியில 58 மாதிரி. ஆனா வீட்டுச் செலவு 32 வயசுக்காரருக்கு உள்ளதுதான்.

அதே 2009ல, அதே மும்பை எஃப்சிக்கு அவர் கோச் ஆனார். பெரிய பணம் இல்லாத கிளப் அது. கொல்கத்தா, கோவா கிளப்களோட பணபலத்துக்குப் பக்கத்துலயே நிக்க முடியாது. அங்கே ஏழு சீசன். கோப்பை எதுவும் இல்லை. கீழ் டிவிஷனுக்கு இறங்காம டீமைக் காப்பாத்துறதுதான் வருஷா வருஷம் வேலை. பேப்பர்ல பெரிய போட்டோ வராது. ஆனா குறைஞ்ச ஆளை வச்சு லைனை நிக்காம ஓட்டுற சூப்பர்வைசர் எவ்வளவு முக்கியம்னு நம்ம ஊர்க்காரங்களுக்குச் சொல்லவா வேணும்?

2016ல அந்த வேலை போச்சு. அடுத்து மிசோரம். ஐஸ்வால் எஃப்சி அந்த வருஷம் ஐ-லீக்ல இருந்து கீழே இறக்கப்பட்ட டீம். கோவா கிளப்கள் விலகினதால மறுபடி சேர்த்துக்கிட்டாங்க. மும்பையில அவர்கிட்ட ஆடின ஆஷுதோஷ் மேத்தா, ஜெயேஷ் ரானே மாதிரி ஆட்களும் கூட வந்தாங்க. 2017 ஏப்ரல் 30, ஷில்லாங்ல கடைசி மேட்ச், 1-1 டிரா. ஐஸ்வால் 37 புள்ளி, மோகன் பகான் 36. வடகிழக்கிலிருந்து ஐ-லீக் ஜெயிச்ச முதல் கிளப் அதுதான்.

அவரை விட்ட மும்பை எஃப்சி? அதே சீசன்ல கடைசி இடம். அந்த வருஷமே கிளப்பும் மூடியாச்சு. அவர் ஆடின மஹிந்திரா யுனைடெட் அதுக்கு முன்னாடியே, 2010ல மூடின டீம். தேசிய லீக் ஜெயிச்ச டீமுங்க அது! பெரிய பேர் இருக்கிறதால கம்பெனி எப்பவும் இருக்கும்னு நினைக்கிறவங்க இந்த வரியை இன்னொரு தடவை படிங்க.

இப்போதான் முக்கியமான இடம்

சாம்பியன் ஆனதும் நேரா மேலே போனாரான்னு கேட்டா, இல்லை. அடுத்து ஈஸ்ட் பெங்கால், ஒரு சீசன், நாலாவது இடம், வெளியே. அப்புறம் மோகன் பகான்ல கொஞ்ச மாசம்.

அதுக்குப் பிறகு ஐஎஸ்எல்ல நார்த்ஈஸ்ட் யுனைடெட்டில் அசிஸ்டென்ட் கோச். தேசிய லீக் கோப்பையைத் தூக்கின ஹெட் கோச், இன்னொருத்தருக்குக் கீழே உதவியாளர்! ஆனா அந்தக் காலத்துல ஐஎஸ்எல்ல இந்தியருக்குத் திறந்திருந்த கதவே அதுதான். 2021 ஜனவரியில ஹெட் கோச்சை நீக்கினப்போ, பொறுப்பு இவர் கைக்கு வந்தது. டீமைப் பிளேஆஃப் வரைக்கும் கொண்டுபோனார். அந்த வருஷமே நிரந்தர ஹெட் கோச். ஐஎஸ்எல்ல அந்தப் பதவி கிடைச்ச முதல் இந்தியர்.

அடுத்த சீசன் டீம் 10வது இடம். மறுபடி வெளியே. 2023ல எங்கே போனார் தெரியுமா? நம்ம பக்கத்துல, எஃப்சி பெங்களூரு யுனைடெட். ஐஎஸ்எல் இல்லை, கீழ் டிவிஷன் கிளப். அந்த டிசம்பர் கடைசியில ஜம்ஷெட்பூர் கூப்பிட்டது. 2024-25ல அந்த டீமை ஐஎஸ்எல் அரையிறுதிக்கும், சூப்பர் கப் இறுதிக்கும் கூட்டிட்டுப் போனார். அதுதான் இந்திய அணி வரைக்கும் வழி போட்டது.

ஆக, ஏறினார், இறங்கினார், ஏறினார், இறங்கினார், மறுபடி ஏறினார். ரெண்டு முக்கியமான ஏற்றத்துக்கு முன்னாடியும் ஒரு படி இறக்கம் இருக்கு.

இங்கிலாந்திலும் இதே கதை

கிறிஸ் வைல்டர்னு ஒருத்தர். டிஃபெண்டர், இங்கிலாந்தின் கீழ் டிவிஷன்கள்லயே அதிகம் ஆடினவர். 2002ல ஹாலிஃபாக்ஸ் டவுன் மேனேஜர். அஞ்சாவது டிவிஷன். ஆறு வருஷம் கழிச்சு, 2008ல கடன்ல கிளப்பே மூழ்கிடுச்சு. இவர் பரி கிளப்புல அசிஸ்டென்ட்டாப் போனார். ஆறு வருஷம் மேனேஜரா இருந்தவர்!

சில மாசத்துல ஆக்ஸ்ஃபோர்டு யுனைடெட் மேனேஜர். 2010ல அந்த டீமை மேல் டிவிஷனுக்கு ஏத்தினார். அப்புறம் நார்தாம்ப்டன். 2015ல அங்கே வரி பாக்கி, ஊழியர்களுக்குச் சம்பளமும் வரல. அந்தச் சீசன்லயே 99 புள்ளியோட சாம்பியன். அடுத்த வருஷம் ஷெஃபீல்டு யுனைடெட், 100 புள்ளி. 2019ல பிரீமியர் லீக். முதல் சீசன்லயே 9வது இடம். 2021ல அங்கிருந்தும் வெளியே.

ரெண்டு பேருக்கும் திறமை இருந்தது, சரி. ஆனா "ஒரு படி கீழே இறங்கித்தான் பார்ப்போமே"ன்னு முடிவெடுக்கத் திறமை மட்டும் போதாது. சம்பளம் குறைஞ்சாலும் வீடு ஓடணும்.

உங்க கணக்கைப் போடுவோம்

ஒரு உதாரணம் எடுத்துக்கலாம். ஓசூர்ல ஒரு ஆட்டோ பார்ட்ஸ் கம்பெனியில வேலை. கைக்கு வர்றது 32,000 ரூபாய்.

- வாடகை: 7,000
- சாப்பாடு, மளிகை, கேஸ்: 9,000
- ஊர்ல அப்பா அம்மாவுக்கு: 5,000
- பைக் இஎம்ஐ: 4,500
- போன் இஎம்ஐ: 2,000
- பெட்ரோல், ரீசார்ஜ், மத்தது: 2,500

மொத்தம் 30,000. மிச்சம் 2,000.

இப்போ ஒரு வாய்ப்பு வருது. பெட்ரோல் இன்ஜின் பாகம் செய்யிற லைன்ல இருந்து, பேட்டரி வண்டி செய்யிற கம்பெனிக்கு மாறலாம். போச்சம்பள்ளி பக்கம் போனா நீங்களே பார்க்கலாம், காத்து எந்தப் பக்கம் அடிக்குதுன்னு. ஆனா முதல் வருஷம் டிரெய்னி மாதிரிதான். கைக்கு 25,000.

30,000 செலவு பண்றவருக்கு மாசம் 5,000 துண்டு விழும். வருஷத்துக்கு 60,000. அவர் "வேண்டாம் சார்"னுதான் சொல்லுவார். பயந்ததால இல்லை, முடியாததால.

இஎம்ஐ ரெண்டும் இல்லாத ஆளுக்கு? செலவு 23,500தான். 25,000லயும் மாசம் 1,500 மிச்சம். அதே வேலை, அதே சம்பளம், அதே திறமை. ஒருத்தருக்குக் கதவு திறந்திருக்கு, இன்னொருத்தருக்கு 6,500 ரூபாய் பூட்டு போட்டிருக்கு.

அதனால இஎம்ஐயை மாசத் தவணையா மட்டும் பார்க்காதீங்க. "இதை எடுத்தா, அடுத்த ரெண்டு வருஷத்துக்கு என்னால சம்பளம் குறைஞ்ச நல்ல வேலைக்கு மாற முடியுமா?"ன்னு ஒரு கேள்வி கேளுங்க. அப்புறம் ஷோரூமுக்குப் போங்க.

நாலு வேலை, இந்த மாசமே

1. இறங்கும் நிதி. இஎம்ஐ முடிஞ்சதும் அந்த 6,500ஐ விட்டுடாதீங்க. அதே தேதியில ஒரு ஆர்டிக்குப் போகட்டும். அவசியச் செலவு 23,500ன்னா, ஆறு மாசத்துக்கு 1,41,000 வேணும். மாசம் 6,500 போட்டா, வட்டியைச் சேர்க்காமலே 22 மாசத்துல வந்துடும். சம்பளம் நின்னாலும் உதவும், ஒரு படி இறங்கினாலும் உதவும்.

2. பிஎஃப்ல கை வைக்காதீங்க. வேலை மாறினா பழைய கணக்கை யுஏஎன் மூலமா புது கம்பெனிக்கு மாத்துங்க. அஞ்சு வருஷத் தொடர் சேவை ஆகுறதுக்கு முன்னாடி எடுத்தா வரி வரலாம். மாத்திக்கிட்டா பழைய கம்பெனியில இருந்த வருஷமும் இந்த அஞ்சுல சேரும். ஓசூர்ல இருந்து பெங்களூரு பக்கம் போனாலும் இதே யுஏஎன்தான்.

3. சொந்தமா ஒரு ஹெல்த் பாலிசி. கம்பெனி குடுக்கிற குரூப் இன்ஷூரன்ஸ் பொதுவா வேலையோட முடிஞ்சுடும். வேலை இல்லாத ரெண்டு மாசத்துலதான் அப்பாவுக்கு ஆஸ்பத்திரிச் செலவு வரும். வயசு குறைவா இருக்கும்போதே எடுத்தா பிரீமியமும் குறைவு.

4. அடுத்த லைசென்ஸ். ஃபுட்பால் கோச்சுக்கு டி, சி, பி, ஏ, ப்ரோன்னு படி இருக்கு. ஒவ்வொண்ணா ஏறணும். பேர் பெத்த பிளேயரா இருந்தாலும் பேப்பர் இல்லாம பெரிய டீம் கிடைக்காது. உங்க தொழில்ல அந்தப் படி எது? சிஎன்சி புரோகிராமிங்கா, பிஎல்சியா, பகுதிநேர டிப்ளமாவா? டிப்ளமா முடிச்சவருக்குப் பி.இ.யா? மாசம் 1,000 ரூபாய் அதுக்குன்னு தனியா எடுத்து வைங்க. வேலை நல்லா இருக்கும்போதே படிங்க. வேலை போன பிறகு படிக்க மனசும் இருக்காது, காசும் இருக்காது.

ஒரு உண்மையையும் சொல்லிடறேன்

இது "நம்பிக்கையோட இருந்தா எல்லாம் கிடைக்கும்"னு சொல்ற கதை இல்லை. இந்திய அணியில காலித்தோட ஆரம்பம் நல்லா இருந்தது. மத்திய ஆசியாவில் நடந்த காஃபா நேஷன்ஸ் கப்புல ஓமனைப் பெனால்டியில ஜெயிச்சு மூணாவது இடம். அடுத்த மாசமே, அக்டோபர் 14ல, மட்காவ்ல சிங்கப்பூர்கிட்ட 1-2 தோல்வி. 2027 ஆசியக் கோப்பைக்கான வாய்ப்பு அதோட போச்சு. நவம்பர்ல டாக்காவில் பங்களாதேஷ்கிட்டயும் 0-1.

மேலே ஏறினாலும் நாளைக்கு என்ன நடக்கும்னு யாருக்கும் உறுதி கிடையாது. ஹெட் கோச்சுக்கே இல்லை, ஷிஃப்ட் இன்சார்ஜுக்கு எங்கே இருக்கப் போகுது? அதனாலதான் அந்த ஆறு மாசக் காசு, சம்பளம் கூடின பிறகும் தொடாம இருக்கணும். ஒரு தடவை இறங்கி ஏறினவங்க இன்னொரு தடவை இறங்க வேண்டி வரலாம்.

இன்னிக்கு ராத்திரி ஒரு பேப்பர் எடுங்க. உங்க இஎம்ஐ மொத்தத்தைத் தனியா எழுதுங்க. அது இல்லாம உங்க மாசச் செலவு எவ்வளவுன்னு பக்கத்துல எழுதுங்க. அந்த ரெண்டாவது நம்பர்தான், நீங்க எவ்வளவு கீழே இறங்கி வேலை பார்க்க முடியும்னு சொல்ற நம்பர். அதைக் கமெண்ட்ல போடுங்க. சம்பளம் சொல்ல வேண்டாம், கம்பெனி பேரும் வேண்டாம். அடுத்த வீடியோவுல அதுல மூணு பேரோட கணக்கை எடுத்து, எந்த இஎம்ஐயை முதல்ல முடிக்கலாம்னு சேர்ந்து பார்ப்போம்.

நைட் ஷிஃப்ட் போறவங்க பார்த்து போயிட்டு வாங்க.