பணி நிறைவு வாழ்த்து: எதை எழுதுவது?

தமிழக அரசு ஊழியர்களில் பெரும்பாலோரின் ஓய்வு வயது 2020இல் 58இலிருந்து 59ஆகவும், 2021இல் 60ஆகவும் உயர்த்தப்பட்டது. அவ்வயது நிறைவுறும் மாதத்தின் கடைசி நாள் பிற்பகலில் பணி முடிகிறது. பாராட்டு விழாவில் அணிவிக்கும் மாலை மறுநாளே வாடிவிடும். வாழ்த்து அட்டையோ பல்லாண்டுகள் வீட்டு அலமாரியில் இருக்கும். பேரப்பிள்ளைகளும் அதைப் படிப்பார்கள்.

அதில் என்ன எழுதுவீர்கள்? 'கடமை வீரர்', 'பண்பின் சிகரம்' என்னும் அடைமொழிகள் பெயரை மாற்றினால் எவருக்கும் பொருந்தும். எவருக்கும் பொருந்துவது எவர் நெஞ்சையும் தொடாது.

மாறாக, நீங்கள் கண்ட ஒரே ஒரு செயலைக் குறிப்பிடுங்கள். "நான் பணியில் சேர்ந்த முதல் வாரத்தில் கோப்பு எழுதும் முறையை அருகமர்ந்து கற்பித்தீர்கள், இன்று நான் பிறருக்குக் கற்பிப்பதும் அதுவே" என்று எழுதினால், தம் உழைப்பு வீண்போகவில்லை என்பதை அவர் உணர்வார். ஆனால் அவர் மறைவாகச் செய்த உதவியை எழுதும்போது, பெற்றவரின் பெயரைத் தவிர்த்துவிடுங்கள். வலக்கரம் ஈந்ததை இடக்கரமும் அறியாதிருப்பதல்லவா நம் மார்க்கம் போற்றும் தர்மம்!

"இனி நிம்மதியாக ஓய்வெடுங்கள்" என்று முடிக்க வேண்டாம். நாளைக் காலை எங்கே செல்வது என்னும் கலக்கம் பலருக்கு உண்டு. உங்கள் ஆலோசனை எங்களுக்கு இன்னும் தேவை என்று எழுதுங்கள். சந்திக்க வருவதாக எழுதினால் அவசியம் சென்று வாருங்கள். நிறைவாக, அவருடைய உடல்நலத்திற்கும் வாழ்நாளின் பரக்கத்திற்கும் ஒரு துஆ. சொந்தக் கையெழுத்தில் நான்கு வரிகள் போதும்.