கணினியின் முதல் கட்டளை



பிள்ளைகளின் படிப்புக்காகப் பழைய மடிக்கணினி வாங்கும் குடும்பங்கள் பல. அதைச் சீர்செய்கிறேன் என்று வீட்டுப் பையன் ‘பயாசை’ மாற்ற முனைந்தால், பெற்றோர் அறிந்திருக்க வேண்டிய செய்திகள் சில உண்டு.

பயாஸ் என்றால் என்ன? விசையை அழுத்தியதும் கணினி முதலில் படிக்கும் கட்டளைத் தொகுப்பே அது. மதர்போர்டில் உள்ள, விரல் நகத்திலும் சிறிய ஒரு சில்லில் அது எழுதப்பட்டிருக்கிறது. நினைவகத்தைத் தட்டியெழுப்பி, பிறகு விண்டோசையோ லினக்சையோ வேலைக்கு அழைப்பது இதுதான். இது கெட்டால் திரையில் ஓர் எழுத்தும் தோன்றாது. 1999 ஏப்ரல் 26ஆம் நாள் சிஐஎச் என்னும் வைரஸ் பல கணினிகளில் இந்தச் சில்லின் எழுத்தையே அழித்து அவற்றை முடக்கியது.

பிறகு ஏன் மாற்றுகிறார்கள்? 2012இல் வெளிவந்த திங்க்பேட் எக்ஸ்230 கணினியை எடுத்துக்கொள்வோம். தயாரிப்பாளர் பட்டியலில் இல்லாத வைஃபை அட்டையைப் பொருத்தினால் அதன் பயாஸ் கணினியைத் தொடங்க விடாது. இத்தகைய தடையை நீக்க உதவுவது கோர்பூட். ஆர்வலர்கள் கூடி உழைத்து இலவசமாக வழங்கும் மென்பொருள் இது. 1999இல் அமெரிக்காவின் லாஸ் அலமோஸ் ஆய்வகத்தில் லினக்ஸ்பயாஸ் என்று தொடங்கி, 2008இல் இப்பெயர் பெற்றது. சில்லைப் படிக்கவும் எழுதவும் பிளாஷ்ரோம் என்னும் மென்பொருள் உண்டு.

பாதுகாப்பு முறைகளைக் கேளுங்கள்.

முதலாவது, கணினியின் மாதிரி எண்ணைச் சரிபார்க்க வேண்டும். ஒன்றுக்குரியதை மற்றொன்றில் எழுதக் கூடாது.

இரண்டாவது, கவ்வி கொண்டு சில்லைத் தொடுமுன் பேட்டரியையும் மின்கம்பியையும் கழற்ற வேண்டும். எக்ஸ்230 சில்லுக்கு 3.3 வோல்ட் போதும், மிகுந்தால் கெடும்.

மூன்றாவது, பழைய எழுத்தைப் படியெடுக்க வேண்டும். எக்ஸ்230இல் சில்லுகள் இரண்டு, இரண்டையும் படியெடுங்கள். ஒவ்வொன்றையும் இருமுறை படித்து ஒப்பிடுங்கள். வேறுபட்டால் கவ்வி சரியாகப் பிடிக்கவில்லை என்று பொருள். அந்தப் படியை வேறிடத்தில் பத்திரப்படுத்துங்கள். கணினி முடங்கினால் மீட்டுத் தருவது அதுதான்.

நான்காவது, எழுதும்போது மின்சாரம் தடைப்படக் கூடாது. எழுதி முடித்ததும் பிளாஷ்ரோம் தானே சரிபார்க்கும். அது முடியும்வரை பொறுத்திருங்கள்.

பால்மரத்தில் கத்தி சற்று ஆழமாக இறங்கினாலும் மரம் காயப்படும். அளவறிந்த கைக்கு அந்த அச்சமில்லை. இதுவும் அப்படித்தான். ஆயினும், வீட்டில் இருப்பது ஒரே கணினி, அதுவும் நன்றாக ஓடுகிறது, பிள்ளைக்குத் தேர்வும் நெருங்குகிறது என்றால் அதில் கை வைக்காதிருப்பதே நல்லது. பழகுவதற்குப் பழுதான பழைய மதர்போர்டு ஒன்று போதும்.