யானுஷ் காயோஸ்: டேங்கிலிருந்து இறங்கி வந்த நடிகர்

யார் இந்த யானுஷ் காயோஸ்? போலந்தில் அவரைத் தெரியாதவர்களைக் காண்பது அரிது. நீங்கள் கேள்விப்பட்டிராவிட்டாலும் கீஷ்லோவ்ஸ்கி இயக்கிய படங்கள் ஒன்றிரண்டைப் பார்த்திருந்தால், அந்த முகத்தை ஏற்கெனவே பார்த்திருக்க வாய்ப்புண்டு.

எடுத்த எடுப்பிலேயே நடிகர் ஆகிவிட்டாரா? இல்லை. 1939-ல் பிறந்தவர். வூச் நகரத் திரைப்படப் பள்ளி அவரை மூன்று முறை திருப்பி அனுப்பியது. நான்காவது முறைதான் இடம் கிடைத்தது. (அதே பள்ளி கீஷ்லோவ்ஸ்கியையும் இரண்டு முறை திருப்பி அனுப்பியிருக்கிறது. தேர்வுக்குழுக்கள் எல்லா ஊரிலும் ஒன்றுதான் போலும்.) இடையில் காயோஸ் ஒரு பொம்மலாட்டக் குழுவில் வேலை செய்தார்.

புகழ் எப்படி வந்தது? 1966-ல் ஒளிபரப்பாகத் தொடங்கிய ‘நான்கு டேங்க் வீரர்களும் ஒரு நாயும்’ என்ற தொலைக்காட்சித் தொடரால். இரண்டாம் உலகப் போரில் 102 என்று எண்ணிட்ட ஒரு டேங்க், அதில் நான்கு பேர், ஷாரிக் என்ற நாய். காயோஸ் அதில் யானெக் என்ற பதின்வயதுப் பையன். நாட்டுப் பிள்ளைகள் எல்லாம் அவர்களைப் போலப் போர் விளையாடினார்கள்.

அதில் என்ன கஷ்டம் என்கிறீர்களா? தொடர் முடிந்த பிறகும் அவர் யானெக்காகவே இருந்தார். இதை முத்திரை குத்துதல் (ஒரே மாதிரி வேடத்துக்கு மட்டும் ஒரு நடிகரை அழைப்பது) என்பார்கள். 1970-களில் ஓல்கா லிப்பின்ஸ்காவின் தொலைக்காட்சி நகைச்சுவை நிகழ்ச்சியில் அசட்டுக் கடைநிலை ஊழியராக வந்தார். கதாநாயகன் முகத்தைத் தானே கேலிக்கு ஒப்புக்கொடுத்தது, என் பார்வையில், அவர் எடுத்த மிகத் துணிச்சலான முடிவு.

அதற்குப் பிறகு? ‘விசாரணை’ படத்தில், நிரபராதியான ஒரு பெண்ணை வதைக்கும் உளவுத்துறை அதிகாரி. ரிஷார்ட் புகாய்ஸ்கி 1982-ல் முடித்த இந்தப் படத்தை அரசு தடைசெய்தது. கள்ள வீடியோ கேசட்டாகக் கைமாறி, 1989-ல்தான் திரையரங்குக்கு வந்தது. அடுத்த ஆண்டு கான் விழாவில், அந்தப் பெண்ணாக நடித்த கிறிஸ்டினா யாண்டாவுக்குச் சிறந்த நடிகை விருது கிடைத்தது. 1990-ல் வந்த ‘விடுதலைத் திரையரங்கிலிருந்து தப்பியோட்டம்’ படத்தில் காயோஸ் ஒரு தணிக்கை அதிகாரி.

சரி, நீங்கள் எதிலிருந்து தொடங்கலாம்? 1994-ல் வந்த கீஷ்லோவ்ஸ்கியின் ‘மூன்று நிறங்கள்: வெள்ளை’யிலிருந்து தொடங்குங்கள். அதில் அவர் மிகோவாய். வாழப் பிடிக்காமல், தன்னைச் சுட்டுவிடச் சொல்லி நண்பனுக்குப் பணம் பேசியவர். சுரங்க ரயில் நிலையத்தில் துப்பாக்கி வெடிக்கிறது. அவர் சரிந்து விழுகிறார். ஆனால் அது வெறும் வெடி. “அடுத்தது நிஜக் குண்டு, உறுதியாகத்தான் சொல்கிறாயா?” என்று நண்பன் கேட்கிறான். மிகோவாயின் முகத்தை அப்போது பாருங்கள். சற்று நேரத்தில் இருவரும் பனி உறைந்த பரப்பில் பள்ளிப் பிள்ளைகள் போலச் சறுக்கி விளையாடுகிறார்கள்.

நேரம் குறைவா? அதே கீஷ்லோவ்ஸ்கியின் ‘டெக்கலாக்’ வரிசையின் நான்காவது படம் ஒரு மணி நேரத்துக்குள் முடிந்துவிடும். ‘என் மரணத்துக்குப் பின் திறக்கவும்’ என்று எழுதிய உறை ஒன்று மகளின் கையில் சிக்குகிறது. காயோஸ் அவளுடைய தந்தை. மற்ற ஒன்பதையும் பார்க்காமலே இது புரியும்.

வீட்டில் எல்லோருடனும் பார்க்கலாமா? ‘விசாரணை’யை வேண்டாம், வதைக் காட்சிகள் கடுமையானவை. அவர் பேராயராக வரும் ‘குருமார்’ (2018) படமும் பெரியவர்களுக்கானது. திருச்சபைக்குள் நடக்கும் குழந்தைகள் மீதான பாலியல் கொடுமையைப் பேசுகிறது. பிள்ளைகள் இருந்தால் டேங்க் தொடரைப் போடலாம். ஆனால் அது அன்றைய கம்யூனிஸ அரசுக்கு ஏற்றபடி சொன்ன வரலாறு என்பதைப் பெரிய பிள்ளைகளுக்கு முதலிலேயே சொல்லிவிடுங்கள்.

குரல் மாற்றிய பதிப்பு கிடைத்தால்? தவிர்த்துவிடுங்கள். வசனத்துக்கு நடுவே அவர் விடும் இடைவெளியும் குரலைத் தாழ்த்தும் விதமும் அதில் போய்விடும். போலிஷ் ஒலியோடு வசன வரிகள் உள்ள பதிப்பையே தேடுங்கள்.