காஞ்சிக்கும் மாமல்லைக்கும் ஒருநாள் பயணம்: பணம் கட்டும் முன் எழுதி வாங்குங்கள்

காஞ்சிபுரத்தில் பெரும்பாலான கோயில்கள் பகல் 12, 12.30 வாக்கில் நடை சாத்திவிடும். மீண்டும் திறப்பது மாலை 4 மணிக்குத்தான். சென்னையிலிருந்து காஞ்சிபுரம், மாமல்லபுரம் இரண்டையும் ஒரே நாளில் காட்டும் பஸ் சுற்றுலாவுக்குப் பணம் கட்டுகிறவர்கள் முதலில் தெரிந்துகொள்ள வேண்டியது இதைத்தான். பல டிராவல்ஸ் விளம்பரங்களில் ஆறேழு இடங்களின் பெயர் இருக்கும், மதியச் சாப்பாடு இருக்கும், ஏசி பஸ் இருக்கும். எந்த இடத்துக்கு எத்தனை மணிக்குப் போவோம் என்பது மட்டும் இருக்காது.

கணக்குப் போட்டுப் பாருங்கள். சென்னையிலிருந்து காஞ்சிபுரம் ஏறத்தாழ 75 கிலோமீட்டர். காலை 6.30-க்குப் புறப்பட்டால் 9 மணிக்குள் போய்விடலாம்; நடை சாத்த மூன்று மணி நேரம் மிச்சம் இருக்கும். ஆனால் தி.நகர், வடபழனி, கோயம்பேடு என்று ஊரைச் சுற்றி ஆள் ஏற்றிக்கொண்டு 8.30-க்குக் கிளம்பும் பஸ், வழியில் டிபனுக்கும் நின்றால், காஞ்சிபுரம் சேரும்போது மணி 11-ஐத் தாண்டியிருக்கும். காமாட்சியம்மன் கோயில் ஒன்றை ஓட்டமாக ஓடிப் பார்க்கலாம். ஏகாம்பரநாதர், வரதராஜப் பெருமாள், கைலாசநாதர் மூன்றும் விளம்பரத்தோடு சரி. அந்த மூன்றரை மணி நேர இடைவெளியில் உங்களை எங்கே உட்கார வைப்பார்கள்? பட்டுக் கடையில்.

நான் போன ஒரு பயணத்தில் இது அப்படியே நடந்தது. கடை வாசலில் ஒரு தறி. பஸ் வந்து நின்றதும் நெசவாளர் ஒருவர் தறியில் உட்கார்ந்து நாடாவை இரண்டு முறை ஓட்டிக் காட்டினார். பிறகு எல்லோரையும் மாடிக்கு அழைத்துப் போய், பாய் விரித்து, புடவைகளை ஒன்றன்மேல் ஒன்றாகப் பிரித்துப் போட்டார்கள். மதுரையிலிருந்து வந்திருந்த ஓர் அம்மா, "கைலாசநாதர் கோயிலுக்கு எப்பத் தம்பி போவோம்?" என்று கைடிடம் கேட்டுக்கொண்டே இருந்தார். "இன்னும் பத்தே நிமிஷம்மா, பில் போட்டுட்டு வந்துடுவாங்க" என்று அவரும் சொல்லிக்கொண்டே இருந்தார். ஒன்றேகால் மணி நேரம் கழித்துக் கோயில் வாசலில் இறங்கியபோது கதவில் பூட்டு தொங்கியது. ராஜசிம்ம பல்லவன் எட்டாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் மணற்கல்லில் எழுப்பிய கோயில் அது. திருச்சுற்று முழுவதும் வரிசையாகச் சின்னச் சின்னச் சன்னதிகள். அவற்றில் சிலவற்றின் சுவரில் பல்லவர் காலத்து ஓவியத்தின் மிச்சம் இன்றும் தெரியும். அதைப் பார்க்கவேண்டும் என்றே வந்த பெண்மணி, வெளியே புல்தரையில் நின்று மதிலைப் பார்த்துவிட்டுத் திரும்பினார்.

இதைப் பலரும் 'டூர்னா அப்படித்தான்' என்று விட்டுவிடுகிறார்கள். அப்படி விடவேண்டியதில்லை. காட்டுவதாகச் சொல்லிப் பணம் வாங்கிய இடத்தைக் காட்டாமல் விட்டால் அது சேவைக் குறைபாடு. 2020 ஜூலை 20 முதல் நடைமுறையில் இருக்கும் 2019-ஆம் ஆண்டு நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்தின்படி அதற்கு நிவாரணம் கேட்கலாம். பணம் கட்டியவர் மட்டும்தான் கேட்கலாம் என்றும் இல்லை. மகன் பணம் கட்டி அம்மாவும் அப்பாவும் போயிருந்தாலும், குடியிருப்போர் சங்கம் மொத்தமாக பஸ் பிடித்திருந்தாலும், பணம் கொடுத்தவரின் சம்மதத்தோடு அந்தச் சேவையைப் பயன்படுத்தியவரும் சட்டத்தின் கண்ணில் நுகர்வோர்தான்.

சிக்கல் வேறு இடத்தில் இருக்கிறது. கேட்கும்போது கையில் என்ன இருக்கிறது? பெரும்பாலோரிடம் ஒரு ஜிபே ஸ்கிரீன்ஷாட்டும், 'சார் நாளைக்குக் காலையில 6 மணிக்கு ரெடியா இருங்க' என்ற வாட்ஸப் செய்தியும்தான் இருக்கும். அதனால்தான் பணம் கட்டும் முன்பே நிகழ்ச்சி நிரலை எழுத்தில் வாங்கிவிட வேண்டும் என்று இவ்வளவு அழுத்திச் சொல்கிறேன். புறப்படும் நேரம், ஒவ்வொரு இடத்தையும் சேரும் நேரம், அங்கே இருக்கும் நேரம், எந்தெந்தக் கடையில் எவ்வளவு நேரம் நிற்கும், நுழைவுக் கட்டணம் தொகைக்குள் அடங்குமா, சாப்பாடு அடங்குமா, ரத்தானால் எவ்வளவு திரும்பும், பஸ் என்ன வகை என்பதெல்லாம் அதில் வரவேண்டும். தனித்தாளில் தரத் தயங்கினால், நீங்களே வாட்ஸப்பில் எழுதி அனுப்பி, 'இதுதானே நிகழ்ச்சி நிரல், உறுதிப்படுத்துங்கள்' என்று கேளுங்கள். 'ஓகே சார்' என்று வரும் ஒரு பதில் போதும், அது ஆதாரம். ஜிஎஸ்டி எண் உள்ள ரசீதையும் கேட்டு வாங்குங்கள். கேட்டும் பில் தர மறுப்பது நேர்மையற்ற வணிக நடைமுறை என்று சட்டத்திலேயே சொல்லப்பட்டிருக்கிறது.

டிக்கெட்டின் பின்பக்கத்தில் பொடி எழுத்தில், 'முன்னறிவிப்பின்றி நிகழ்ச்சியை மாற்றவோ ரத்து செய்யவோ நிர்வாகத்துக்கு முழு உரிமை உண்டு' என்று அச்சிட்டிருப்பார்கள். அதைக் காட்டியதும் பலர் வாயடைத்துப் போகிறார்கள். மழை, சாலை மறியல் போன்ற காரணங்களுக்காக நிகழ்ச்சியை மாற்றினால் ஏற்றுக்கொள்ளலாம். ஆனால் தக்க காரணமின்றி ஒப்பந்தத்தை ஒருதலையாக முறிக்கும் அதிகாரத்தை ஒரு தரப்புக்கு மட்டும் கொடுக்கும் நிபந்தனையை, நியாயமற்ற ஒப்பந்தத்தின் அடையாளங்களில் ஒன்றாக 2019 சட்டம் சொல்கிறது. அந்த வரியில் கையெழுத்துப் போட்டுவிட்டோமே என்று ஒதுங்க வேண்டாம்.

பட்டுக் கடையைப் பற்றி இன்னும் கொஞ்சம் சொல்ல வேண்டும், ஏனென்றால் பயணக் கட்டணத்தைவிடப் பல மடங்கு பணம் போகிற இடம் அது. பஸ்ஸில் வரும் கூட்டத்தைக் கடைக்கு அழைத்து வருகிறவருக்குக் கமிஷன் கிடைப்பது அந்தத் தொழிலில் எல்லோருக்கும் தெரிந்த விஷயம். அது புடவை விலையில்தான் ஏறும். வாங்கக் கூடாது என்று சொல்லவில்லை. காஞ்சிப் பட்டு புவிசார் குறியீடு பெற்ற பொருள், அதை நெய்கிற ஊரிலேயே வாங்கும் ஆசை நியாயமானது. ஆனால் சில்க் மார்க் முத்திரை தொங்குவதைக் காட்டி, 'அசல் காஞ்சிப் பட்டும்மா' என்று சொன்னால் நம்பிவிடாதீர்கள். அந்த முத்திரை உறுதி சொல்வது ஒன்றே ஒன்றைத்தான்: நூல் தூய பட்டு. கைத்தறியா விசைத்தறியா, காஞ்சியில் நெய்ததா, ஜரிகை வெள்ளியா வெறும் பளபளப்பா என்பதற்கு அது பொறுப்பல்ல. கைத்தறிக்குத் தனி முத்திரை உண்டு. ஜரிகையைச் சுரண்டினால் உள்ளே சிவப்புப் பட்டு நூல் தெரிகிறதா என்று பார்ப்பது பழைய வழக்கம். அது தோராயமான சோதனைதான். இதைவிட உறுதியான வழி பில். 'தூய பட்டு, கைத்தறி, அசல் வெள்ளி ஜரிகை' என்று பில்லில் எழுதித் தரச் சொல்லுங்கள். வாய் நிறையப் பேசிய கடைக்காரர் எழுதத் தயங்கினால் புடவையை மடித்து வைத்துவிட்டு எழுந்துவிடலாம். கைத்தறிக் கூட்டுறவுச் சங்கங்களின் விற்பனை நிலையங்கள் அதே ஊரில்தான் இருக்கின்றன. ஆட்டோ பிடித்துப் போய் விலையை ஒப்பிட்டுப் பார்ப்பது உங்கள் உரிமை. மாமல்லபுரத்துச் சிற்பக் கடைகளில் மாக்கல்லைக் கருங்கல் என்று விற்றால் அங்கேயும் இதே பில் விதிதான்.

மாமல்லபுரத்தில் நுழைவுச் சீட்டைப் பற்றிய குழப்பத்தையும் தீர்த்துக்கொள்ளுங்கள். யுனெஸ்கோ 1984-இல் உலகப் பாரம்பரியச் சின்னமாக அறிவித்த இடம் அது. இந்தியத் தொல்லியல் துறையின் கட்டணம் இந்தியர்களுக்கு 40 ரூபாய், வெளிநாட்டவருக்கு 600 ரூபாய். 15 வயதுக்கு உட்பட்ட பிள்ளைகளுக்கு இலவசம். கடற்கரைக் கோயிலுக்கும் ஐந்து ரதங்களுக்கும் அதே நாளில் ஒரே சீட்டுத்தான். இரண்டு இடத்திலும் தனித்தனியாக வசூலித்தால் ஏன் என்று கேளுங்கள். இலங்கை, சார்க் நாடு என்பதால் அங்கிருந்து வரும் உறவினர்களுக்கும் இந்தியர்களுக்கான 40 ரூபாய்தான்; பாஸ்போர்ட்டைக் கையில் வைத்திருந்தால் போதும். விவரம் தெரியாமல் 600 ரூபாயை எடுத்து நீட்டுகிறவர்கள் இருக்கிறார்கள்.

அரசு உரிமம் பெற்ற கைடிடம் படம் ஒட்டிய அடையாள அட்டை இருக்கும். பஸ்ஸில் வரும் 'கைடு' பல நேரம் டிராவல்ஸ் அலுவலகத்து ஆள், இடங்களின் பெயரைச் சொல்லி இறக்கிவிடுவதோடு அவர் வேலை முடிந்தது. விளம்பரத்தில் 'அனுபவமுள்ள வழிகாட்டியுடன்' என்றிருந்தால் எந்த மொழியில் விளக்குவார், உரிமம் உண்டா என்று கேட்டுவிடுங்கள்.

இனி உயிர் சம்பந்தப்பட்ட விஷயங்கள். நம்பர் பிளேட் மஞ்சள் நிறத்தில் கறுப்பு எழுத்தோடு இருக்க வேண்டும். வெள்ளைப் பலகை போட்ட வண்டி சொந்த உபயோகத்துக்கானது, கட்டணம் வாங்கி ஆள் ஏற்ற அதற்கு அனுமதி இல்லை. முந்தின நாளே பஸ் எண்ணைக் கேட்டு வாங்கி, எம்பரிவாகன் செயலியில் போட்டுப் பாருங்கள். தகுதிச் சான்று, இன்ஷூரன்ஸ், பர்மிட் எதுவரை செல்லும் என்று காட்டும். வாடகை பஸ் எட்டு வயதைத் தாண்டிவிட்டால் ஆண்டுதோறும் தகுதிச் சான்றைப் புதுப்பிக்க வேண்டும். பர்மிட் இல்லாத வண்டி விபத்தில் சிக்கினால் இன்ஷூரன்ஸ் நிறுவனம் கையை விரிக்கப் பார்க்கும். முதலில் இழப்பீட்டைக் கொடுத்துவிட்டுப் பிறகு உரிமையாளரிடம் வசூலித்துக்கொள் என்று நீதிமன்றங்கள் உத்தரவிடுவது உண்டு. அதுவரை அலைவது காயம்பட்டவரின் குடும்பம்.

ஏறியதும் அவசர வழி எங்கே இருக்கிறது என்று பாருங்கள். நடைவழியில் பிளாஸ்டிக் ஸ்டூல் போட்டுக் கூடுதலாக ஆள் உட்கார வைத்தாலும், அவசரக் கதவை அடைத்துப் பைகளை அடுக்கினாலும், வண்டி கிளம்புவதற்கு முன்பே சொல்லி அகற்றச் செய்யுங்கள். சங்கடப்பட்டுக்கொண்டு இருக்க வேண்டிய இடம் இதுவல்ல.

டிரைவரிடம் ஒரு வார்த்தை பேசுங்கள். "நேத்து ராத்திரி எங்கண்ணே ஓட்டினீங்க?" என்று சாதாரணமாகக் கேட்டாலே போதும். திருப்பதிக்கோ வேளாங்கண்ணிக்கோ இரவு முழுக்க ஓட்டிவிட்டு விடியற்காலையில் வந்து, முகம் கழுவிக்கொண்டு அப்படியே அடுத்த வண்டியில் ஏறுகிறவர்கள் இருக்கிறார்கள். நாளொன்றுக்கு 8 மணி நேர வேலை, தொடர்ந்து 5 மணி நேரம் வேலை செய்தால் அரைமணி ஓய்வு என்று 1961-ஆம் ஆண்டின் மோட்டார் போக்குவரத்துத் தொழிலாளர் சட்டமே வரையறுத்திருந்தது. பேட்டாவுக்காகத் தூக்கத்தை விற்கிற நிலையில் அவரை வைத்திருப்பது முதலாளி. விலை கொடுப்பது அவரும் நீங்களும். மதியம் அவர் வண்டிக்குள் படுத்திருந்தால் எழுப்பாதீர்கள். அந்த ஒரு மணி நேரம்தான் இரவு கிழக்குக் கடற்கரைச் சாலையில் உங்களை வீடு சேர்க்கிறது.

கடற்கரைக் கோயிலில் நாளின் கடைசி ஒரு மணி நேரத்தை 'ஃப்ரீ டைம்' என்று விடுவார்கள். வெயிலில் அலைந்த பிள்ளைகள் நேரே தண்ணீரில் இறங்கும். அந்தக் கடலில் ஆழமும் நீரின் இழுப்பும் சட்டென்று கூடும், உயிர்ப்பலி பலமுறை நடந்த கரை. கால் நனைப்பதோடு நிறுத்துங்கள். கைடு 'ஒண்ணும் ஆகாது' என்றாலும் கேட்காதீர்கள்.

விபத்து நேர்ந்தால் 108. சாலை விபத்தில் காயம்பட்டவருக்கு முதல் 48 மணி நேரச் சிகிச்சையை, எந்த மாநிலத்தவராக இருந்தாலும், தமிழ்நாடு அரசின் 'இன்னுயிர் காப்போம்' திட்டம் ஏற்கிறது. திட்டத்தில் சேர்ந்த தனியார் மருத்துவமனைகளும் உண்டு. 'முதலில் பணம் கட்டுங்கள்' என்றால் திட்டத்தின் பெயரைச் சொல்லிக் கேளுங்கள். எஃப்ஐஆர் நகலை வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். டிராவல்ஸ்காரர் மருத்துவமனைக்கே வந்து கொஞ்சம் பணம் கொடுத்து, 'இனி எந்தக் கோரிக்கையும் இல்லை' என்ற தாளை நீட்டினால் கையெழுத்துப் போடாதீர்கள். மோட்டார் வாகன விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயத்தில் மனுச் செய்ய 2022 ஏப்ரல் முதல் 6 மாதக் கெடு நடைமுறைக்கு வந்திருக்கிறது, எனவே தள்ளிப்போடக் கூடாது. விபத்து நடந்த ஊருக்குப் போகவேண்டியதில்லை, நீங்கள் குடியிருக்கும் பகுதித் தீர்ப்பாயத்திலேயே மனுப் போடலாம். யாருடைய தவறு என்று நிரூபிக்காமலே உயிரிழப்புக்கு 5 லட்சமும் கொடுங்காயத்துக்கு 2.5 லட்சமும் கோர, மோட்டார் வாகனச் சட்டத்தின் 164-ஆம் பிரிவு இடம் தருகிறது.

பணம் வாங்கிவிட்டு பஸ்ஸே வரவில்லை, போன் அணைந்திருக்கிறது என்றால் அது வேறு கதை. உடனே 1930-ஐ அழையுங்கள். இணையவழிப் பண மோசடிக்கான எண் அது, எவ்வளவு சீக்கிரம் சொல்கிறீர்களோ அவ்வளவு தூரம் பணத்தை மறிக்க முடியும். தனிநபர் பெயரில் இருக்கும் யுபிஐ எண்ணுக்கு முழுத் தொகையையும் அனுப்பாமல் இருந்தாலே பாதி ஆபத்து குறையும்.

மற்ற குறைகளுக்கு, நிறுவனத்துக்கு முதலில் ஒரு மின்னஞ்சலோ பதிவுத் தபாலோ அனுப்புங்கள். என்ன வாக்களித்தார்கள், எது நடக்கவில்லை, எவ்வளவு திருப்பித் தரவேண்டும் என்று நாலு வரி. கூடப் பயணம் செய்தவர்களின் போன் எண்களை பஸ்ஸிலேயே வாங்கி வைத்திருந்தால் சேர்ந்து எழுதலாம். நாற்பது பேர் கையெழுத்துக்கு இருக்கும் மதிப்பு தனியொருவர் கோபத்துக்குக் கிடைக்காது. கோயில் வாசலில் பூட்டிய கதவையும், பக்கத்தில் நேரம் தெரியும் செல்போனையும் படம் எடுத்திருந்தால் இணைத்துவிடுங்கள். பதில் இல்லையென்றால் 1915, தேசிய நுகர்வோர் உதவி எண். பல புகார்கள் இந்தக் கட்டத்திலேயே முடிந்துவிடும். அதற்கும் மசியவில்லையென்றால் மாவட்ட நுகர்வோர் ஆணையம். இ-ஜாக்ரிதி தளத்தில் வீட்டிலிருந்தபடியே புகார் பதியலாம். நீங்கள் கொடுத்த தொகை 5 லட்சத்துக்குள் என்றால் கட்டணம் கிடையாது, வக்கீல் வைப்பது கட்டாயமில்லை, கால அவகாசம் 2 ஆண்டுகள். சென்னை டிராவல்ஸ் மீது மதுரைக்காரர் மதுரையிலேயே புகார் கொடுக்கலாம். சட்ட உதவி தேவைப்பட்டால் 15100. பெண்களுக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவசமாகவே கிடைக்கும்.